இளையவர்களுக்குப் பதவி உயர்வு, எனக்கு மட்டும் மூடிய கவரா?

கேள்வி: புதுச்சேரி அரசுத் துறை ஒன்றில் உதவியாளராக இருக்கிறேன். 1999-இல் எழுத்தராகச் சேர்ந்தவள். கண்காணிப்பாளர் பதவி உயர்வுக்கான டி.பி.சி. (துறைப் பதவி உயர்வுக் குழு) இந்த ஆண்டு ஜனவரி 22 அன்று கூடியது. பிப்ரவரி 6 அன்று ஆணை வந்தது. பணிமூப்புப் பட்டியலில் எனக்குக் கீழே உள்ள இருவர் பெயர் அதில் இருந்தது, என் பெயர் இல்லை. கேட்டதற்கு, "உங்கள் மேல் விஜிலென்ஸ் விசாரணை இருக்கிறது, கவரில் போட்டு சீல் வைத்துவிட்டார்கள்" என்றார்கள். போன அக்டோபரில் ஒரு பழைய கொள்முதல் கோப்பைப் பற்றி விளக்கம் கேட்டு மெமோ வந்திருந்தது, பதில் கொடுத்திருந்தேன். பிப்ரவரி 14 தேதியிட்ட சார்ஜ் மெமோ (குற்றச்சாட்டுக் குறிப்பாணை) பிப்ரவரி 27 அன்றுதான் கைக்கு வந்தது. மார்ச் 10-இல் மனு கொடுத்தேன், பதில் இல்லை. ஜூலையில் இன்னொரு மனு, அதற்கும் பதில் இல்லை. கடலூரில் வருவாய்த் துறையில் இருக்கும் என் தம்பி, "நேரே ஹைகோர்ட்டில் ரிட் போடு அக்கா" என்கிறான். சங்கத்தில், "ஒரு கண்டனத்தை வாங்கிக்கொண்டு முடித்துவிடுங்கள், அதெல்லாம் ஒரு தண்டனையே இல்லை" என்கிறார்கள். ஓய்வு பெற இன்னும் ஒன்றரை ஆண்டுதான் இருக்கிறது. என்ன செய்வது?
ஒரு வாசகி, லாஸ்பேட்டை, புதுச்சேரி

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு, வணக்கம்.

உங்கள் வழக்கின் உயிர் உங்கள் கடிதத்திலேயே இருக்கிறது. குழு கூடியது ஜனவரி 22. இளையவர்களுக்கு ஆணை பிப்ரவரி 6. சார்ஜ் மெமோவின் தேதி பிப்ரவரி 14. இந்த மூன்று தேதிகளையும் ஒரு தாளில் வரிசையாக எழுதி, ஒவ்வொன்றுக்கும் ஆதாரமான காகிதத்தை அதன் பின்னால் வையுங்கள். 26 ஆண்டு உழைப்பு, பட்ட மனவேதனை எல்லாம் உண்மைதான். ஆனால் நீங்கள் போக வேண்டிய மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தில் முதலில் பார்க்கப்படுவது இந்தத் தாள்தான்.

பதவி உயர்வைக் கேட்டுப் பெறும் உரிமை எந்த ஊழியருக்கும் இல்லை. தகுதி வரம்புக்குள் வந்தவரைப் பாரபட்சமில்லாமல் பரிசீலிக்க வேண்டும் என்பது மட்டும் அடிப்படை உரிமை. அஜித் சிங் வழக்கில் 1999-இல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. ஆகவே 'எனக்குப் பதவி உயர்வு தாருங்கள்' என்று மனு போட்டால் பலமில்லை. 'என்னைப் பரிசீலித்த முறை விதிக்கு முரணானது, மறுபடி பரிசீலியுங்கள்' என்று போட்டால் பலம் உண்டு.

இப்போது அந்த மூடிய கவர். ஒருவர் மேல் நடவடிக்கை நிலுவையில் இருந்தால், குழு அவரை மதிப்பிட்டு, முடிவை உறையில் இட்டு சீல் வைக்கும். நடவடிக்கை முடிந்த பிறகு உறையைப் பிரிப்பார்கள். ஆனால் நினைத்தபோதெல்லாம் இப்படிச் செய்ய முடியாது. 1991-இல் ஜானகிராமன் வழக்கில் உச்ச நீதிமன்றம் எல்லை வகுத்தது. அதை ஒட்டி மத்தியப் பணியாளர் துறை 14.9.1992 அன்று அலுவலகக் குறிப்பாணை வெளியிட்டது. அதன்படி மூன்று நிலைகளில்தான் உறை. பணியிடை நீக்கத்தில் இருப்பவர், சார்ஜ் மெமோ வழங்கப்பட்டு ஒழுங்கு நடவடிக்கை நிலுவையில் இருப்பவர், குற்ற வழக்கில் குற்றப்பத்திரிகை தாக்கலாகி வழக்கு நிலுவையில் இருப்பவர். புகார் வந்திருக்கிறது, விஜிலென்ஸ் பார்த்துக்கொண்டிருக்கிறது, முதற்கட்ட விசாரணை நடக்கிறது என்பவை இந்த மூன்றிலும் சேராது. 2.11.2012 தேதியிட்ட குறிப்பாணையும் இதையே வலியுறுத்துகிறது.

அக்டோபரில் வந்தது விளக்கம் கேட்கும் மெமோதான். அதையும் சார்ஜ் மெமோவையும் குழப்பிக்கொள்பவர்கள் நிறைய பேர், அலுவலகப் பிரிவுகளிலும்கூட. கையில் உள்ள சார்ஜ் மெமோவை எடுத்துப் பாருங்கள். 1965-ஆம் ஆண்டு மத்தியக் குடிமைப் பணிகள் விதிகளின் 14-ஆவது விதியின் கீழ் வந்ததென்றால் நான்கு இணைப்புகள் இருக்கும்: குற்றச்சாட்டுகள், அவற்றின் விவரக் கூற்று, ஆவணப் பட்டியல், சாட்சிகள் பட்டியல். 16-ஆவது விதி என்றால் அது சிறு தண்டனைக்கான நடவடிக்கை. அக்டோபர் மெமோ இந்த இரண்டு விதிகளில் எதன் கீழும் வராததால், ஜனவரி 22 அன்று உங்கள் பெயரை உறையில் வைக்கக் காரணமே இருந்திருக்கக் கூடாது.

இதற்கு அரசுத் தரப்பிலிருந்து இரண்டு பதில் வரும். இரண்டுக்கும் இப்போதே தயாராக வேண்டும்.

முதல் பதில், 'சார்ஜ் மெமோ முன்பே வழங்கப்பட்டுவிட்டது, அவர் கையில் கிடைத்ததுதான் தாமதம்' என்பது. 1993-இல் டெல்லி வளர்ச்சி ஆணையம் எதிர் குரானா வழக்கில், சார்ஜ் மெமோ 'வழங்கப்பட்டது' என்றால் முடிவெடுத்து அனுப்பப்பட்டது என்று பொருள், ஊழியர் கையில் சேர வேண்டியதில்லை என்று உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. எனவே பிப்ரவரி 27 என்ற தேதியை நம்பி வாதத்தைக் கட்டாதீர்கள். அனுப்புகைப் பதிவேட்டில் அந்த மெமோவின் வரிசை எண்ணும் தேதியும் எங்கே இருக்கின்றன என்பதுதான் கேள்வி. தபாலில் வந்திருந்தால் உறையைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள், அஞ்சல் முத்திரைத் தேதி சாட்சி சொல்லும். ஆள் மூலம் வந்திருந்தால், கையெழுத்துப் போட்டபோது தேதியும் எழுதினீர்களா என்று நினைவுபடுத்திப் பாருங்கள். உங்கள் கணக்கில் மெமோவின் தேதியே பிப்ரவரி 14 என்பதால், குழு கூடிய நாளுக்கும் ஆணை வந்த நாளுக்கும் பிந்தியது என்பதில் சிக்கல் இல்லை. ஆனாலும் பதிவேட்டின் நகல் கையில் இருக்கட்டும்.

இரண்டாவது பதில் கனமானது. அதே 1992 குறிப்பாணையின் 7-ஆவது பத்தி, குழு பரிந்துரைத்த பிறகு, உண்மையில் பதவி உயர்வு பெறுவதற்குள் சார்ஜ் மெமோ வந்துவிட்டால், உறையில் வைத்ததாகவே கருத வேண்டும் என்கிறது. 2000-இல் ஆர்.எஸ். சர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் இந்தப் பத்தியை ஊழியருக்கு எதிராகப் பயன்படுத்தியிருக்கிறது. அரசு வழக்கறிஞர் அந்தத் தீர்ப்பைக் கட்டாயம் எடுத்து நீட்டுவார். நீங்கள் சொல்ல வேண்டியது இது: பிப்ரவரி 6 அன்று இளையவர்களோடு சேர்ந்து எனக்கும் ஆணை வந்திருக்க வேண்டும், அன்று என்னைத் தடுக்கச் சட்டப்படி எதுவும் இல்லை, விதிக்கு முரணாக என்னை நிறுத்தி வைத்துவிட்டு, அந்த 8 நாள் இடைவெளியில் வந்த மெமோவை அரசு தனக்குச் சாதகமாக்கிக்கொள்ள முடியாது. இது நல்ல வாதம். ஆனால் நிச்சயம் வெல்லும் வாதம் என்று சொல்லி உங்களை நம்ப வைக்க மாட்டேன். ஆவணங்கள் எவ்வளவு தெளிவாக இருக்கின்றனவோ, அவ்வளவு பலம் இதற்கு உண்டு.

அதனால் இந்த வாரமே தகவல் உரிமைச் சட்டத்தில் விண்ணப்பம் போடுங்கள். கட்டணம் 10 ரூபாய். இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். நீங்கள் வேலை பார்ப்பது ஒரு துறையில், உங்கள் பணிமூப்பையும் பதவி உயர்வையும் கவனிப்பது தலைமைச் செயலகத்தில் உள்ள பணியாளர் மற்றும் நிர்வாகச் சீர்திருத்தத் துறை. குழுவின் காகிதங்கள் அங்கே, விஜிலென்ஸ் கடிதமும் அனுப்புகைப் பதிவேடும் இங்கே. ஆகவே இரண்டு அலுவலகங்களுக்கும் தனித்தனி விண்ணப்பம் வேண்டும். பணியாளர் துறையிடம், ஜனவரி 22 கூட்ட நடவடிக்கைக் குறிப்பில் உங்களைப் பற்றிய பகுதி, குழுவின் முன் வைக்கப்பட்ட பணிமூப்புப் பட்டியல், காலியிடக் கணக்கு, இட ஒதுக்கீட்டுச் சுழற்சிப் பதிவேட்டின் (எந்த இடம் எந்தப் பிரிவினருக்கு என்று வரிசையிடும் பதிவேடு) பக்கம், பணி நியமன விதி ஆகியவற்றின் நகலைக் கேளுங்கள். உங்கள் துறையிடம், விஜிலென்ஸ் தடையின்மை கேட்டு வந்த கடிதம், அதற்குப் போன பதில், அனுப்புகைப் பதிவேட்டின் பக்கம் ஆகியவற்றைக் கேளுங்கள். 'ஏன் எனக்குத் தரவில்லை?' என்று மட்டும் கேட்காதீர்கள். இருக்கும் ஆவணத்தைத் தருவதுதான் அந்தச் சட்டம். காரணம் கேட்கும் விண்ணப்பத்தை ஒரு வரியில் திருப்பிவிடுவார்கள். இளையவர்களின் மதிப்பீட்டு அறிக்கைகளைக் கேட்டாலும் தனிநபர் தகவல் என்று மறுப்பார்கள், அதில் நாளை வீணாக்க வேண்டாம். 30 நாளில் பதில் வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு. இரண்டாவது மேல்முறையீடு டெல்லியில் உள்ள மத்தியத் தகவல் ஆணையத்துக்கு.

குழுவின் கூட்டக் குறிப்பு கையில் வந்தால் இரண்டு ஆச்சரியங்கள் காத்திருக்கலாம். ஒன்று, உறை என்பதே வாய்ப்பேச்சாக இருந்து, குழு உங்களைத் 'தகுதியில்லை' என்று எழுதியிருப்பது. அப்படியானால் சண்டை ஆண்டு மதிப்பீட்டு அறிக்கையைப் பற்றியது. மதிப்பெண் 1 முதல் 10 வரை. 4 முதல் 6-க்குள் 'நன்று', 6 முதல் 8-க்குள் 'மிக நன்று'. குறைந்த மதிப்பெண்ணை உங்களுக்குத் தெரிவிக்காமலேயே குழு பயன்படுத்தியிருந்தால், 2008-இன் தேவ் தத் தீர்ப்பும் 2013-இன் சுக்தேவ் சிங் தீர்ப்பும் உங்கள் பக்கம். தெரிவித்து, 15 நாளுக்குள் நீங்கள் ஆட்சேபம் கொடுக்காமல் விட்டிருந்தால் அந்த வழி குறுகிவிடும். இன்னொன்று, அந்த இருவரில் ஒருவர் ஒதுக்கீட்டுச் சுழற்சிப் புள்ளியில் உயர்ந்தவராக இருப்பது. அவரோடு உங்களை ஒப்பிட முடியாது. பொதுப் புள்ளியில் போனவரை மட்டுமே உங்கள் மனுவில் இளையவராகக் காட்டுங்கள்.

தம்பி சொன்னது அவருக்குச் சரி, உங்களுக்குச் சரியல்ல. தமிழ்நாட்டில் மாநில நிர்வாகத் தீர்ப்பாயத்தைக் கலைத்துவிட்டார்கள். அதனால் கடலூர் ஊழியர் பணி வழக்குக்கு நேரே சென்னை உயர் நீதிமன்றம் போகிறார். அங்கே விதியும் வேறு, அவர் '17(பி)' என்று சொல்வதுதான் உங்களுக்கு 14-ஆவது விதி. புதுச்சேரி யூனியன் பிரதேசம். அரசு ஊழியர்களின் பணி வழக்கு 1985-ஆம் ஆண்டு நிர்வாகத் தீர்ப்பாயங்கள் சட்டப்படி மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வுக்குத்தான் முதலில் போக வேண்டும். 1997-இல் சந்திரகுமார் வழக்குத் தீர்ப்புக்குப் பிறகு, தீர்ப்பாயத்தைத் தாண்டி நேரே ரிட் போட்டால் ஏற்க மாட்டார்கள். தீர்ப்பாயத்தில் தோற்ற பிறகுதான் உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வு. முள்ளோடை எல்லையைத் தாண்டினால் சட்டப் பாதையே மாறிவிடுகிறது. உறவுக்காரர்களின் அனுபவத்தை அப்படியே பின்பற்றினால் ஓராண்டு கைநழுவிவிடும்.

ஓராண்டு என்று சொன்னேனே, அந்தக் கணக்குதான் எனக்கு உங்களைப் பற்றிய பெரிய கவலை. அந்த 1985 சட்டத்தின் 20-ஆவது பிரிவுப்படி முதலில் துறைக்கு மனு. பதில் வராமல் 6 மாதம் ஆனால் தீர்ப்பாயம் போகலாம். 21-ஆவது பிரிவுப்படி அந்த 6 மாதம் முடிந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் போட்டுவிட வேண்டும். உங்கள் முதல் மனு மார்ச் 10. 6 மாதம் செப்டம்பர் 10-இல் முடிந்துவிட்டது. ஆக, கடைசி நாள் அடுத்த ஆண்டு செப்டம்பர் 10. ஜூலை மனுவிலிருந்து எண்ணாதீர்கள். மறுபடி மறுபடி மனு கொடுப்பதால் காலவரம்பு நீளாது என்று 1989-இல் ராத்தோர் வழக்கிலேயே சொல்லியாயிற்று. காலம் கடந்த பிறகு துறை ஒரு பதில் அனுப்பினாலும் அது செத்த வழக்கை உயிர்ப்பிக்காது என்று 2008-இன் ஜேக்கப் வழக்கு சொல்கிறது. இளையவரின் பதவி உயர்வை எதிர்ப்பவர் 6 மாதத்தில், அதிகம் போனால் ஓராண்டில் வர வேண்டும் என்று தமிழ்நாடு ஊழியர் சதாசிவசுவாமி வழக்கில் 1974-லேயே உச்ச நீதிமன்றம் எச்சரித்திருக்கிறது. உங்களுக்குச் சட்டம் செப்டம்பர் வரை நேரம் கொடுத்தாலும், அது வரை காத்திருக்கக் காரணம் எதுவும் இல்லை. தகவல் உரிமைப் பதில் வந்ததும், இல்லாவிட்டால் இன்றிலிருந்து இரண்டு மாதத்துக்குள், மனு தாக்கலாகிவிட வேண்டும்.

தீர்ப்பாயக் கட்டணம் 50 ரூபாய்தான். மனுவில் எதிர்ப்பது பிப்ரவரி 6 ஆணையை, உங்கள் பெயரை விட்டுவிட்ட அளவுக்கு மட்டும். சார்ஜ் மெமோவை ரத்து செய்யச் சொல்லி அதே மனுவில் சேர்க்காதீர்கள். ஒரு மனுவுக்கு ஒரே வழக்கெழு காரணம் (வழக்கு எழக் காரணமான நிகழ்வு) என்பது தீர்ப்பாய நடைமுறை விதி. தவிர, விசாரணை தொடங்கும் நிலையில் சார்ஜ் மெமோவை ரத்து செய்ய நீதிமன்றங்கள் பொதுவாக முன்வருவதில்லை. தமிழில் உள்ள ஆவணம் இருந்தால் ஆங்கில மொழிபெயர்ப்பை இணையுங்கள், இல்லாவிட்டால் பதிவகத்தில் குறை சொல்லித் திருப்பி அனுப்புவார்கள். இடைக்காலக் கோரிக்கையாக இளையவர்களின் பதவியை நிறுத்தி வைக்கச் சொல்வதைவிட, கண்காணிப்பாளர் இடம் ஒன்றைக் காலியாக வைக்கக் கேட்பது நடைமுறையில் கிடைக்க வாய்ப்புள்ளது. ஓய்வுத் தேதியைக் காட்டி விரைவு விசாரணைக்கும் தனி மனு கொடுங்கள்.

சங்கத்தில் சொன்ன கண்டன யோசனையை ஒப்புக்கொள்ளாதீர்கள். இதை அழுத்திச் சொல்கிறேன். கண்டனத்தில் ஊதிய உயர்வு போவதில்லை, அது உண்மை. ஆனால் 1992 குறிப்பாணைப்படி, நடவடிக்கையின் முடிவில் எந்தத் தண்டனை வந்தாலும், கண்டனமே ஆனாலும், உறையில் இருக்கும் பரிந்துரையைச் செயல்படுத்த மாட்டார்கள். அடுத்த குழுவில்தான் பெயர் வரும். உங்களுக்கு அடுத்த குழு எப்போது, ஓய்வுக்குள் கூடுமா? முற்றிலும் விடுவிக்கப்பட்டால் மட்டுமே உறையைப் பிரித்து, இளையவர் உயர்ந்த தேதியிலிருந்து பணிமூப்போடு பதவி தருவார்கள். ஆகவே குற்றச்சாட்டைத் தெளிவாக மறுத்து எழுதியிருக்கிறீர்களா என்று பாருங்கள். 'தெரியாமல் நடந்துவிட்டது, மன்னிக்கவும்' என்று ஒரு வரி எழுதியிருந்தால்கூட அதை ஒப்புதலாக எடுத்துக்கொள்ள இடமுண்டு. விசாரணை அதிகாரி நியமன ஆணை பெற்ற நாளிலிருந்து 6 மாதத்துக்குள் அறிக்கை தர வேண்டும் என்று 2017-இல் விதியைத் திருத்தியிருக்கிறார்கள். அது கடந்துகொண்டிருந்தால் எழுத்தில் நினைவூட்டுங்கள். வாய்தா கேட்பது நீங்களாக இருக்க வேண்டாம். உறையில் வைத்தவரின் நிலையை 6 மாதத்துக்கு ஒருமுறை ஆய்வு செய்ய வேண்டும் என்பதும், முதல் குழு கூடி 2 ஆண்டு ஆகியும் நடவடிக்கை முடியாவிட்டால் தற்காலிகப் பதவி உயர்வைப் பரிசீலிக்கலாம் என்பதும் அதே குறிப்பாணையில் உள்ளன. உங்களுக்கு அந்த 2 ஆண்டு, ஓய்வுக்கு நான்கு மாதம் முன்னால் முடிகிறது. அந்த ஜனவரி 22-க்கு மறுநாளே மனு கொடுங்கள்.

பணம் என்ன கிடைக்கும்? வென்றால் கருத்தியல் பதவி உயர்வு கட்டாயம் கேட்கலாம், அதாவது பிப்ரவரி 6 முதல் கண்காணிப்பாளராகக் கருதி ஊதியத்தை நிர்ணயிப்பது. நீங்கள் 1999-இல் சேர்ந்தவர், பழைய ஓய்வூதியம். கடைசி ஊதியத்தில் பாதிதான் ஓய்வூதியம் என்பதால், நிலுவையைவிட இந்த நிர்ணயம்தான் உங்களுக்கு ஆயுள் முழுக்கப் பயன். நிலுவைச் சம்பளம் வேறு விஷயம். வேலை செய்யாத காலத்துக்குச் சம்பளம் இல்லை என்பார்கள். ஊழியர் வேலை செய்யத் தயாராக இருந்து, அதிகாரிகளே தடுத்திருந்தால் அந்த விதி அப்படியே பொருந்தாது என்று ஜானகிராமன் தீர்ப்பே சொல்கிறது. கேளுங்கள், ஆனால் அதை எதிர்பார்த்து வீட்டுக் கடன் கணக்குப் போடாதீர்கள். நடவடிக்கை முடியாமலே ஓய்வு பெற்றால் தற்காலிக ஓய்வூதியம் வரும், பணிக்கொடையை நிறுத்தி வைப்பார்கள். பதவி உயர்வு வழக்கு ஓய்வோடு செத்துவிடாது. இளையவர் உயர்ந்தது நீங்கள் பணியில் இருந்தபோதுதான்.

இன்னொன்று, மனதுக்குக் கஷ்டமானது. நீங்கள் ஒப்பிட்டுக் காட்டும் இளையவரை எதிர்மனுதாரராகச் சேர்த்தே ஆக வேண்டும். பாதிக்கப்படக்கூடியவரைச் சேர்க்காத மனு அந்த ஒரு குறையிலேயே தள்ளுபடியாகலாம். தலைமைச் செயலாளர், பணியாளர் துறைச் செயலாளர், உங்கள் துறை இயக்குநர், அதற்குப் பிறகு பொதுப் புள்ளியில் உயர்ந்த அந்த இளையவர் என்று வரிசை போகும். தினம் பக்கத்து மேசையில் உட்காருபவராக இருக்கலாம். நோட்டீஸ் அவர் வீட்டுக்குப் போகும் முன் நீங்களே நேரில் சொல்லிவிடுங்கள், அவர் மேல் குற்றம் எதுவும் சொல்லவில்லை, பெயர் சேர்ப்பது சட்டத் தேவை என்று. அதே சமயம் பொய்யாக ஆறுதல் சொல்லாதீர்கள். இடம் காலியில்லாவிட்டால் பட்டியலின் கடைசியில் உயர்ந்தவரை இறக்கி உங்களுக்கு இடம் தரலாம் என்று அந்த 1992 குறிப்பாணையே சொல்கிறது. இடம் ஒன்றைக் காலியாக வைக்கச் சொல்லி இடைக்கால மனு போடச் சொன்னேனே, அது கிடைத்தால் உங்களோடு சேர்த்து அவரையும் காக்கும் என்று அவரிடம் சொல்லுங்கள்.